பதியாவிட்டால் முடக்கம், 4 மணி நேரத்தில் நீக்கம்: இந்தோனேசியாவின் 5-ஆம் எண் இணைய விதி

2022 ஜூலை 30, சனிக்கிழமை. லீவு நாளில் விளையாட உட்கார்ந்த இந்தோனேசிய இளைஞர்களுக்கு ஸ்டீம் என்ற விளையாட்டுத் தளம் திறக்கவில்லை. வெளிநாட்டுக்காரர்களுக்கு டிசைன் செய்துகொடுத்து, இணையப் பணச் சேவையான பேபாலில் கூலி வாங்குகிறவர்களுக்குக் கையிருப்பு கண்ணுக்கே தெரியவில்லை. யாஹூவும் எபிக் கேம்ஸும் அன்றே முடங்கின. எல்லாவற்றுக்கும் காரணம், 2020 நவம்பரில் அந்நாட்டின் தகவல் தொடர்பு அமைச்சகம் (அப்போது கொமின்ஃபோ, 2024 முதல் கொம்டிகி) கொண்டுவந்த 5-ஆம் எண் விதி.

விதி முதலில் கேட்பது பதிவு. தேடுபொறி, சமூக ஊடகம், ஆன்லைன் விளையாட்டு, படமும் பாட்டும் தரும் தளம், பணப் பரிமாற்றம் என இந்தோனேசியர்களுக்குச் சேவை தரும் தனியார் எவரும், வெளிநாட்டில் இருந்தாலும், அமைச்சகத்தில் பதிய வேண்டும். பதியாவிட்டால் இணைப்பைத் துண்டிக்கலாம். கூகுள், மெட்டா, நெட்ஃபிளிக்ஸ் எல்லாம் கடைசி நேரத்தில் பதிந்து தப்பின. கண்டனம் கிளம்பியதும், மக்கள் பணத்தை எடுத்துக்கொள்ளட்டும் என்று பேபாலை மறுநாளே 5 நாளுக்குத் திறந்துவிட்டார்கள். ஸ்டீமும் சில நாளில் திரும்பியது.

சரி, பதிந்துவிட்டால் தீர்ந்ததா? இல்லை, என்னை உறுத்துவது அடுத்த பகுதிதான். தளத்தில் ஒருவர் போட்ட இடுகையை நீக்கச் சொல்லி உத்தரவு வந்தால் 24 மணி நேரத்தில் நீக்க வேண்டும். அவசரம் என்றால் 4 மணி நேரம். பயங்கரவாதமும் குழந்தைகள் மீதான பாலியல் கொடுமைப் படங்களும் அவசரப் பட்டியலில் இருப்பது நியாயமே. ஆனால் 'மக்களைக் கலங்கவைத்து, பொது ஒழுங்கைக் குலைப்பது' என்றும் அதில் ஒன்றைச் சேர்த்திருக்கிறார்கள். எது கலக்கம், யாருக்குக் கலக்கம் என்று விதி சொல்லவில்லை. அமைச்சரைக் கிண்டல் செய்யும் மீமும் போராட்டப் பாட்டும்கூட அதற்குள் அடங்கிவிடலாம். நிறுவனம் என்ன செய்யும்? 4 மணி நேரத்துக்குள் வக்கீலைத் தேடி ஓடுவதைவிட, இடுகையைத் தூக்கிவிடுவதுதான் அதற்குச் சுலபம்.

சினிமாவில் இப்படி இல்லை. 2009-ஆம் ஆண்டு திரைப்படச் சட்டப்படி, தணிக்கை அமைப்பான எல்எஸ்எஃப் படத்தின் உரிமையாளரோடு பேச வேண்டும். சரியில்லாத காட்சி இருந்தால் அவரிடமே திருப்பிக் கொடுத்துத் திருத்தச் சொல்ல வேண்டும். கைபேசியில் ஒரு நிமிடக் காணொளி எடுத்துப் போடும் பிள்ளைக்கு, 4 மணி நேரக் கெடுவில் அந்தப் பேச்சுக்கு நேரம் ஏது?