ரப்பர் ஷீட்டைத் தரம் பார்க்க இயந்திரம் கற்பது எப்படி?

கன்னியாகுமரி மாவட்டத்தில் குலசேகரம், அருமனைப் பக்கம் ரப்பர் கடைகளில் தரம் பார்ப்பவர் ஷீட்டை வெளிச்சத்துக்கு நேரே தூக்கிப் பிடிப்பார், ஓரத்தை இழுத்துப் பார்ப்பார், ஆர்எஸ்எஸ் (புகையூட்டிய ஷீட்டின் தர வரிசை) 4 என்றோ 5 என்றோ சொல்லிவிடுவார். எப்படித் தெரிந்தது என்று கேட்டால் குமிழி, பூசணம், மண் எனச் சிலவற்றைச் சொல்வார். அவர் கண்டது அதற்கும் மேல். சொல்லத் தெரிந்ததைவிட நமக்குத் தெரிந்தது அதிகம் என்று 1966-இல் தத்துவஞானி மைக்கேல் போலானி எழுதியது இதைத்தான்.

1970-களில் ஸ்டான்ஃபோர்டில் உருவான மைசின் என்ற கணினி நிரல், மருத்துவர்களின் அறிவைச் சுமார் 600 விதிகளாக்கி இரத்தத் தொற்றுக்கு மருந்து பரிந்துரைத்தது. ஆனால் நிபுணரிடமிருந்து விதிகளை வாங்குவதே பெரும் முட்டுக்கட்டை என்றார் இத்தகைய நிரல்களின் முன்னோடி எட்வர்ட் ஃபைகன்பாம்.

இப்போது விதி கேட்பதில்லை. ஷீட்டின் படத்தையும் அதற்கு நிபுணர் சொன்ன கிரேடையும் சேர்த்துக் கொடுக்கிறோம். இயந்திரம் ஒரு கிரேடை ஊகிக்கும். தவறினால் உள்ளே உள்ள எடைகள், அதாவது ஊகத்தைத் தீர்மானிக்கும் எண்கள், சிறிது திருத்தப்படும். இப்படியே ஆயிரக்கணக்கான படங்கள். ஆகவே நிபுணரின் கண் எவ்வளவு சரியோ, இயந்திரமும் ஏறக்குறைய அவ்வளவுதான். ஒரே ஷீட்டை இருவர் தனித்தனியே பார்க்க வேண்டும். கருத்து வேறுபட்டால் மூன்றாமவர்.

படம் எடுப்பதில்தான் பெரும்பாலும் கோளாறு வரும். பின்னாலிருந்து ஒளி வராவிட்டால் குமிழி தெரியாது. ரப்பர் பால் புளித்ததால் வரும் பொடிக் குமிழியும், ஷீட்டைப் புகையில் உலர்த்தும் புகைப்புரையில் தொடக்கத்திலேயே சூடு ஏறியதால் வரும் கொப்புளமும் படத்தில் ஒன்றுபோலத் தோன்றலாம். பாலின் நீர்ப்பகுதி மேலே காய்ந்து படியும் 'துரு' ஷீட்டை இழுத்தால்தான் வெளிப்படும். இழுத்த நிலையிலும் ஒரு படம் வேண்டும். மழையில்லாத மாதங்களின் ஷீட்டை மட்டும் காட்டிப் பழக்கினால், இரு பருவமழையும் பெறும் நம் மாவட்டத்தில் மழைக்காலப் பூசணத்தில் தடுமாறும். சோதனைக்கு, பயிற்சியில் வராத புகைப்புரையின் ஷீட்டுகளே வேண்டும். இல்லையேல் ஷீட்டுக்குப் பதில் புகைப்புரையின் நிறத்தை அது மனப்பாடம் செய்திருக்கலாம்.

இயந்திரம் தயங்கும் ஷீட்டுகளை மட்டும் மனிதரிடம் அனுப்புவது வழக்கம். எனக்கு அது போதாது. குடல் உள்நோக்கிப் பரிசோதனையில் செயற்கை நுண்ணறிவுக்குப் பழகிய போலந்து மருத்துவர்கள், அது இல்லாமல் பார்த்தபோது கட்டி கண்டறிந்த விகிதம், பழகுவதற்கு முன்பிருந்த 28.4 சதவீதத்திலிருந்து 22.4 சதவீதமாகக் குறைந்திருந்தது. 2025-இல் வெளியான ஆய்வு அது. எனவே இயந்திரம் உறுதியாகச் சொன்ன ஷீட்டுகளிலும் சிலவற்றை, அதன் தீர்ப்பைக் காட்டாமல், தரம் பார்ப்பவரிடம் தினமும் கொடுக்க வேண்டும். இளையவர் ஒருவர் பக்கத்தில் நின்று முதலில் தன் கிரேடைச் சொல்லட்டும்.