மந்தார நாளில் பையன் ஏன் தூங்கி வழிகிறான்?

தக்கலையிலிருந்து ஒரு அம்மா கேட்டிருக்கிறார்: "ஜூனில் மழை பிடித்துக்கொண்டால் என் மகன் காலையிலேயே புத்தகத்தின் மேல் சரிகிறான். ஜோசியர் நேரம் சரியில்லை என்கிறார். அப்படியா?"

கிரகங்களை விட்டுவிடுவோம். பையனுக்குக் கிடைக்கும் வெளிச்சத்தைப் பார்ப்போம்.

ஸ்டாக்ஹோமில் டிசம்பர் பகல் சுமார் ஆறு மணி நேரமாகச் சுருங்கிவிடும். குளிர்காலந்தோறும் வரும் மனச்சோர்வை 1984இல் அமெரிக்காவில் நார்மன் ரோசன்தால் குழு விவரித்தது. நம் குமரி மாவட்டம் இருப்பது 8 பாகை வடக்கில். ஆண்டின் நீண்ட பகலுக்கும் குறுகிய பகலுக்கும் ஏறக்குறைய ஒரு மணி நேரம்தான் வித்தியாசம். ஆனால் இரண்டு பருவமழையும் இங்கே பெய்கிறதே! சாரலுக்குச் சன்னலைச் சாத்தி, டியூப்லைட்டைப் போட்டுக்கொள்கிறோம்.

வெளிச்சத்தை அளக்கும் அலகு லக்ஸ். உச்சி வெயில் ஒரு லட்சம் லக்ஸ். மந்தாரத்திலும் முற்றத்தில் சில ஆயிரம் இருக்கும். அறைக்குள் இருநூறு, முந்நூறு. இந்தப் பள்ளம் நமக்குத் தெரிவதே இல்லை. கண் பழகிக்கொண்டு 'நல்ல வெளிச்சம்தானே' என்று சொல்லிவிடுகிறது.

ஏமாறாத ஆள் ஒருவர் அதே கண்ணுக்குள் இருக்கிறார். பள்ளியில் படித்த குச்சி, கூம்பு செல்கள் அல்ல, மூன்றாவது வகை. 1998இல் இக்னேஷியோ புரோவென்சியோ குழு தவளைத் தோலில், வெளிச்சம் பட்டால் நிறம் மாறும் செல்களில், மெலனாப்சின் என்ற புரதத்தைக் கண்டது. பிறகு அதே புரதம் நம் விழித்திரையிலும் அகப்பட்டது. அதைத் தாங்கிய செல்களுக்கு உருவங்களில் அக்கறையில்லை. நீல ஒளியை, சொட்டுச் சொட்டாகப் பானையில் பிடிப்பதுபோல, நிதானமாகச் சேர்த்துக் கணக்குப் பார்க்கும். அந்தக் கணக்கு மூளையின் கடிகாரத்துக்குப் போகிறது; அது இரவு ஹார்மோனான மெலடோனினை எப்போது சுரப்பது என்று முடிவு செய்கிறது. குச்சியும் கூம்பும் அழிந்து பார்வை இழந்தவர்கள் சிலருக்குக்கூட இந்தக் கணக்கு நடக்கிறது! எலிகளில் இதே செல்களின் இன்னொரு கிளை, கடிகாரத்தைத் தொடாமலே, மனநிலையோடு தொடர்புள்ள பகுதிக்குப் போவதையும் பார்த்திருக்கிறார்கள்.

தவளைத் தோலை ஆராய நிதி கேட்டால் நம் ஊரில் 'இதனால் என்ன பிரயோஜனம்?' என்றுதான் முதலில் கேட்பார்கள். எனக்கு அதில் வருத்தம் உண்டு.

சரி, பையனுக்கு என்ன வழி? காலையில் மேசையை வராந்தாவுக்கு மாற்றுங்கள், மழை பெய்தாலும் சரி. இரவில் போனை வாங்கி வைத்துவிடுங்கள். அப்புறமும் தூங்கி விழுந்தால் ஜோசியரிடம் வேண்டாம், டாக்டரிடம் காட்டுங்கள், ரத்தசோகையாகவும் இருக்கலாம்.