தகரம், ஜிங்க், துத்தநாகம்

தண்டையார்பேட்டையில் ஏதாவதொரு இரும்புக் கடைக்குப் போய் "ஜிங்க் ஷீட் நாலு வேணும்" என்று கேளுங்கள். "தகரம் எத்தனை அடியில வேணும்?" என்பார் கடைக்காரர். பில்லில் "ஜி.ஐ. ஷீட்" என்று எழுதித் தருவார். யாருக்கும் குழப்பமில்லை, கூரை ஏறிவிடும். தனிம வரிசை அட்டவணையை வைத்துப் பார்த்தால்தான் வேடிக்கை. தகரம் 50-ஆவது தனிமம், ஜிங்க் 30-ஆவது. அந்தத் தகட்டில் பெரும்பங்கு இருப்பதோ 26-ஆவது தனிமமான இரும்பு.

தகரம் என்ற சொல் சங்கப் பாடல்களில் கூந்தலுக்குப் பூசும் ஒரு மணப்பொருள். உலோகமாக வரும்போது அது வெள்ளீயம், ஆங்கிலத்தில் டின். இதன் கூட்டாளி காரீயம், 82-ஆவது தனிமம். இரண்டும் அட்டவணையின் 14-ஆம் தொகுதியில் ஒன்றன்கீழ் ஒன்றாக நிற்கின்றன. எலெக்ட்ரான் கணக்கெல்லாம் தெரியாத காலத்திலேயே நம் ஆட்கள் இரண்டையும் ஈயம் என்று ஒரே வீட்டில் குடிவைத்துவிட்டார்கள். (ரசம் வைக்கிற ஈயச்சொம்பு வெள்ளீயத்தில் செய்தது. காரீயம் நஞ்சு. அந்தச் சொம்பை வாங்கும்போது இந்த ஒரு முன்னொட்டுக்காகக் கடைக்காரரிடம் சண்டை போட்டாலும் தப்பில்லை.)

அப்புறம் கூரைக்கு எப்படித் தகரம் என்று பெயர் வந்தது? பிஸ்கட் டப்பா, எண்ணெய் டின் எல்லாம் வெள்ளீயம் பூசிய இரும்புத் தகடு. பூச்சின் பெயர் தகட்டுக்கே ஒட்டிக்கொண்டது. பிறகு வேறு பூச்சு வந்தபோதும் பழைய பெயரே நின்றுவிட்டது என்றுதான் எனக்குத் தோன்றுகிறது. ஆங்கிலக்காரர்களும் இதே கூரையை 'டின்' என்றுதான் சொல்கிறார்கள், நாம் மட்டும் தப்புச் செய்யவில்லை.

அந்த வேறு பூச்சுதான் ஜிங்க். 'ஜி.ஐ.' என்பதில் முதல் எழுத்து 'கால்வனைஸ்டு', இரண்டாவது இரும்பு. 1837-இல் பிரான்சில் சோரல் என்பவர் காப்புரிமை வாங்கிய முறை இது. ஏறக்குறைய 450 டிகிரியில் உருகிக் கிடக்கும் ஜிங்க்கில் இரும்பை முக்கி எடுப்பார்கள். போன மழைக்கு முன்னால் மாடிக் கொட்டகைக்கு நான் வாங்கிய தகட்டை வெயிலில் சாய்த்துப் பார்த்தேன். உடைந்த கண்ணாடிச் சில்லுகளைப் பரப்பியதுபோல் பூப்பூவாக மின்னியது. ஜிங்க் ஆறும்போது உறைந்த படிகங்கள் அவை. எங்கள் பக்கத்துக் கடற்காற்றில் அந்த மினுமினுப்பு முதலில் மங்கி, வெள்ளையாக மாவு பூக்கும். சிவப்புத் துரு அதற்குப் பிறகுதான்.

பெயர் மாறினால் வேலையும் மாறும் இடம் இது. வெள்ளீயம் பூசிய டப்பாவில் கீறல் விழுந்தால், அந்த இடத்தில் இரும்பு வேகமாகத் துருப்பிடிக்கும். ஜிங்க் பூசியதில் கீறல் விழுந்தால், ஜிங்க் முந்திக்கொண்டு தான் அரிபட்டு இரும்பைக் காப்பாற்றும். எலெக்ட்ரானை விட்டுக்கொடுப்பதில் அதற்கு இரும்பைவிட அவசரம். இரும்புப் படகுகளின் அடிப்புறத்தில் ஜிங்க் கட்டியைப் பொருத்துவதும் இதனால்தான். உப்புத்தண்ணீர் கட்டியைத் தின்னும், படகை விட்டுவைக்கும். கட்டி கரைந்ததும் வேறு கட்டி.

சரி, ஜிங்க்குக்குத் தமிழ் என்ன? துத்தநாகம். துத்தம் என்பது மயில்துத்தம், வெள்ளைத்துத்தம் போன்ற உப்புகளின் பெயர், வடமொழியிலும் உள்ள சொல். நாகம் இன்னும் வழுக்கலானது. சித்த மருத்துவத்தில் நாகம் என்றால் துத்தநாகம், ஆயுர்வேதத்தில் நாகம் என்றால் காரீயம். மருந்துச்சீட்டில் இந்த வித்தியாசம் சின்ன விஷயமல்ல. இலங்கைப் பாடநூல்கள் ஜிங்க்கை நாகம் என்றே எழுதுகின்றன. நம் பாடநூலில் தனிமம் துத்தநாகம், அதை இரும்பில் பூசுவது நாகமுலாம்.

'ஜிங்க்' என்பது கூர்முனையைக் குறிக்கும் ஜெர்மன் சொல்லிலிருந்து வந்தது என்பது பரவலான கருத்து. ஆனால் அந்தப் பெயர் நிலைப்பதற்கு முன் கிழக்கிந்தியக் கம்பெனிக் கப்பல்கள் சீனத்திலிருந்து இதை ஏற்றிவந்தபோது சரக்குப் பட்டியலில் எழுதியது 'டூடெனாக்' என்று. போர்த்துகீசியர் வாய்வழி போன நம் நாட்டுச் சொல்தான். தமிழிலிருந்தா மராத்தியிலிருந்தா என்பதில் வழக்கு உண்டு, அதனால் ரொம்பவும் மீசை முறுக்க வேண்டாம்.

உலோகத்தைப் பிரித்ததிலும் இந்தியா முந்தியது. துத்தநாகம் 907 டிகிரியில் கொதிக்கும், தாதிலிருந்து பிரிக்க அதைவிடச் சூடு வேண்டும். ஆகவே உலையில் ஆவியாகவே வெளிவந்து காற்றில் எரிந்துபோகும். அட்டவணையின் 12-ஆம் தொகுதியில் இதற்குக் கீழே இருப்பது எளிதில் ஆவியாகும் பாதரசம் என்றால் இந்தக் குணம் புரியும். ராஜஸ்தானத்து ஜாவரில் கத்தரிக்காய் வடிவ மண்குடுவைகளைத் தலைகீழாக நிறுத்தி, ஆவியைக் கீழே இறக்கிக் குளிரவைத்துப் பிடித்தார்கள். இங்கிலாந்தில் வில்லியம் சாம்பியன் என்பவர் துத்தநாகம் பிரிக்கும் முறைக்கு 1738-இல் காப்புரிமை வாங்கியதற்குச் சில நூற்றாண்டுகள் முன்பே.

ஆக, எழுதும்போது தனிமத்துக்குத் துத்தநாகம், கூரைக்கு நாகமுலாம் பூசிய தகடு. கடையில் மட்டும் தகரம் என்றே கேளுங்கள். துத்தநாகம் என்று கேட்டால் நாட்டு மருந்துக் கடைக்கு வழி சொல்லிவிடுவார்.