பாட்டுக் கேட்கும் போனில் மூன்று மணி நேரப் படம்

காகசஸ் மலை நாடான ஜார்ஜியாவைச் சேர்ந்த இயக்குநர் அலெக்சாண்டர் கோபெரிட்ஸே, 2025ல் லொகார்னோ திரைப்பட விழாவுக்கு 186 நிமிடப் படம் ஒன்றைக் கொண்டு போனார். தலைப்பைத் தமிழில் 'சருகு' என்று சொல்லலாம். எடுத்த கேமரா, சோனி எரிக்சன் டபிள்யூ595. 2008 வாக்கில் பாட்டுக் கேட்க வாங்கினோமே, அந்த ரகப் போன். காசில்லாமல் செய்த வேலை என்று நினைக்க வேண்டாம், 2021ல் பெர்லின் போட்டிப் பிரிவுக்குப் போன தன் முந்தைய படத்தை முறையான கேமராக்களில் எடுத்தவர்தான் இவர்.

காணாமல் போன மகளைத் தேடி ஓர் அப்பா கிராமத்துக் கால்பந்து மைதானங்களாகச் சுற்றுகிறார், கதை அவ்வளவுதான். அப்பாவாக நடித்தது இயக்குநரின் சொந்த அப்பா, இசை இயக்குநரின் சகோதரருடையது.

சரி, அந்தப் போன் எப்படிப் பார்க்கிறது? வீடியோவில் அதற்குக் கிடைப்பது 320க்கு 240, அதாவது 76,800 புள்ளிகள் (பிக்சல்கள்). இன்றைய 4கே திரையரங்கப் படத்தின் ஒரு சட்டகத்தில் (ஃப்ரேமில்) 88 லட்சத்துக்கும் மேல், ஏறக்குறைய 115 மடங்கு. ஆனால் படத்தின் அந்த விநோதத் தோற்றத்துக்குப் புள்ளிக் குறைவு பாதிக் காரணம்தான், மீதி வீடியோவைச் சுருக்கிச் சேமிக்கும் முறையில் இருக்கிறது. அந்தக் காலப் போனின் சிறிய நினைவகத்தில் அடங்க வேண்டும் என்பதால், சட்டகத்தை 16க்கு 16 புள்ளிகள் கொண்ட 300 கட்டங்களாக வெட்டி, ஒவ்வொரு கட்டத்துக்கும் 'இது முந்தைய சட்டகத்தில் எங்கே இருந்தது?' என்று தேடி, கிடைத்தால் எவ்வளவு நகர்ந்தது என்பதை மட்டும் குறித்துக்கொள்வார்கள். நிறத்தையோ நான்கு புள்ளிக்கு ஒன்றாகத்தான் சேமிப்பார்கள். சாலையில் போகும் கார் இதில் தப்பித்துவிடும். காற்றில் ஆடும் மரம் மாட்டிக்கொள்ளும், ஏனென்றால் ஒவ்வொரு இலையும் ஒரு பக்கம் அசைகிறது, பழைய சட்டகத்தில் ஜோடி கிடைக்காது, புதிதாக எழுதவும் இடமில்லை. அதனால் நுணுக்கமெல்லாம் வெட்டப்பட்டு மரமே உலைநீர் போலக் கொதிக்கும். பொறியாளர் இதைப் பழுது என்பார், எனக்கு ஓவியம் மாதிரித்தான் தெரிகிறது.

இதிலும் முகத்தையும் குதிரையையும் நாம் எப்படி அடையாளம் காண்கிறோம்? அமெரிக்காவின் பெல் ஆய்வகத்தில் ஆராய்ச்சியாளராக இருந்த லியோன் ஹார்மன் 1970களின் தொடக்கத்தில் லிங்கன் முகத்தைச் சில நூறு சதுரங்களாக்கிக் காட்டினார். கிட்டத்தில் பார்த்தால் வெறும் கட்டங்கள். கண்ணைச் சுருக்கினாலோ தள்ளி நின்றாலோ லிங்கன் வந்துவிடுவார். தகவல் அங்கேதான் இருந்தது, கட்டங்களின் கூரிய விளிம்புகள்தான் அதை மறைத்தன. விளிம்பு மங்கினால் போதும், மிச்சத்தை மூளை நிரப்பிக்கொள்கிறது.

கோபெரிட்ஸே இதை இன்னொரு படி தள்ளுகிறார். அப்பாவோடு காரில் வரும் நண்பர் கண்ணுக்கே தெரியாதவர், குரல் மட்டும்தான். இங்கே 76,800 புள்ளிகளில் ஒன்றுகூட அவருக்குக் கிடையாது, ஆனாலும் காலி இருக்கையில் ஆளைப் பார்க்கிறோம்.

அப்புறம் ஒன்று, இந்தப் படம் எங்கேயாவது ஓடினால் முன்வரிசையில் உட்காராதீர்கள். லிங்கன் விஷயம்தான்.