ஓரினப் பின்னம்: கழிக்கும்போது பகுதி ஏன் மாறுவதில்லை?

பகுதி, அதாவது கோட்டுக்குக் கீழே உள்ள எண், ஒன்றாகவே இருக்கும் பின்னங்களுக்கு ஓரினப் பின்னங்கள் என்று பெயர். 7/9, 4/9 இரண்டும் ஓரினம். ஒன்றிலிருந்து மற்றதைக் கழித்தால் 3/9, சுருக்கினால் 1/3.

பின்னம் வடசொல். பிளந்தது, உடைந்தது என்று பொருள். ‘சிலை பின்னமாகிவிட்டது’, ‘சின்னாபின்னம்’ என்று நாம் சொல்வதும் இதே சொல்தான். பழந்தமிழ்க் கணக்கில் ஒன்றும் அதற்கு மேலும் மேல்வாய் இலக்கம், ஒன்றுக்குக் கீழ்ப்பட்டது கீழ்வாய் இலக்கம். பின்னத்துக்கு நேரான தமிழ் வேண்டுமென்றால் கீழ்வாய் எண் என்று தாராளமாகச் சொல்லலாம்.

குழப்பம் வருவது ‘பகுதி’யில்தான். பேச்சில் பகுதி என்றால் ஒரு துண்டு. இலக்கண வகுப்பில் பகுதி, விகுதி என்று வேறொன்று. கோட்டுக்கு மேலே உள்ள எண்ணுக்குத் தொகுதி என்று பெயர்; தொகுதி என்றாலோ புதுச்சேரியில் முதலில் நினைவுக்கு வருவது சட்டமன்றத்தின் 30 தொகுதிகள். கணக்கில் இவற்றை வினையிலிருந்து பிடிக்க வேண்டும். பகு, பகுதி: முழுமையை எத்தனையாகப் பகுத்தோம். தொகு, தொகுதி: அவற்றில் எத்தனையைத் தொகுத்தோம். இலங்கைத் தமிழர் பகுதியெண், தொகுதியெண் என்பார்கள். எனக்கு அதுவே பிடித்திருக்கிறது. ‘எண்’ சேர்ந்ததும் துண்டு என்ற மயக்கம் போய்விடுகிறது.

புதுச்சேரியில் பிரெஞ்சு வழியில் படித்தவர்களுக்குப் பகுதி ‘தெனொமினாத்தர்’, தொகுதி ‘நுமெராத்தர்’. முன்னது பெயரிடுவது, பின்னது எண்ணுவது. கழித்தலின் சூட்சுமம் முழுவதும் இதில் இருக்கிறது. 7/9 என்பதில் 9 துண்டின் பெயர். ‘ஒன்பதில் ஒன்று’ என்ற துண்டு ஏழு இருக்கிறது, அவ்வளவே. எண்ணிக்கை குறையும், பெயர் குறையாது. பெயரையும் கழித்தால் 3/0 என்று வரும். சுழியைப் பகுதியாகக் கொண்ட பின்னமே கிடையாது.

புதுச்சேரியின் பாகூர்ப் பக்கம் நிலம் பேசுகிறவர்களுக்கு இதைச் சொல்லித்தரத் தேவையில்லை. காணிக்கு 100 குழி. 75 குழி வைத்திருப்பவர் 40 குழியை விற்றால் மீதி 35 குழி. குழி என்ற பெயருக்குள்ளேயே அந்த நூறு அடங்கிவிட்டது. யாரும் அதைத் தொடுவதில்லை. (இந்தக் காணி நில அளவு. கீழ்வாய் இலக்கத்தில் வரும் காணி 1/80.)

நம் பழைய பின்னப் பெயர்களும் இப்படி அமைந்தவையே. மா என்றால் 1/20. ஒருமா, இருமா, மூன்றுமா, நாலுமா: முன்னால் நிற்பது தொகுதி, ‘மா’ பகுதி. நாலுமாவில் ஒருமா போனால் மூன்றுமா; 4/20 − 1/20 = 3/20 என்று எழுதுவதும் அதுவே. முக்காலில் கால் போனால் இரண்டு கால், அதற்கு அரை என்று தனிப்பெயர்.

பெயர் வேறானால் அது வேற்றினப் பின்னம். நேராகக் கழிக்க வராது. நாலுமாவில் அரைக்கால் கழிக்க வேண்டும் என்று வையுங்கள்: 1/5 − 1/8. பகுதிகளின் மீச்சிறு பொது மடங்கு 40. 1/40க்குப் பழம்பெயர் அரைமா. நாலுமாவுக்கு எட்டு அரைமா, அரைக்காலுக்கு ஐந்து அரைமா. இப்போது இரண்டும் ஓரினம். கழித்தால் மூன்று அரைமா, அதாவது ஒன்றரை மா, 3/40.