ரேஷன் கார்டு: படியா, பங்கீடா, குடும்ப அட்டையா?

போன வருஷம் தம்பிக்குக் கல்யாணம் ஆனது. பெண் கேரளத்தில் பாறசாலைப் பக்கம். களியக்காவிளையைத் தாண்டினால் கொஞ்ச தூரம்தான், ஆனால் நடுவில் மாநில எல்லை இருக்கிறது. அவள் பெயரை எங்கள் ரேஷன் கார்டில் சேர்க்கலாம் என்று மார்த்தாண்டத்தில் ஒரு கம்ப்யூட்டர் சென்டருக்குப் போனோம். அங்கே உட்கார்ந்திருந்த பையன் முதலில் கேட்டது பெயரையோ வயதையோ அல்ல. "தம்பி உங்க கூடத்தான் இருக்காரா, தனிக்குடித்தனமா? சமையல் ஒண்ணா, வேறயா?" என்றான். கூட வந்திருந்த அம்மைக்கு முகம் சுருங்கிவிட்டது. "அரிசி வாங்குற கார்டுதானே மக்களே, இதுக்கு எங்க அடுக்களையை எதுக்குக் கேக்கணும்?" என்றாள்.

நியாயமான கேள்விதான். பதில் அந்த அட்டையின் பெயரிலேயே இருக்கிறது, நாம் கூப்பிடும் பெயரில் அல்ல, அதில் அச்சடித்திருக்கும் பெயரில். நாம் ரேஷன் கார்டு என்கிறோம், அரசு குடும்ப அட்டை என்கிறது. ஒன்று மற்றொன்றின் மொழிபெயர்ப்பு என்றுதான் நிறைய பேர் நினைக்கிறார்கள். இல்லை. இரண்டும் இரண்டு வேறு விஷயங்களைச் சொல்கின்றன, அது புரியாததால்தான் விண்ணப்பம் போடும்போது பாதிப் பேர் முழிக்கிறார்கள்.

முதலில் ரேஷன். லத்தீனில் ராஷியோ என்றால் கணக்கு, கணக்கிடுவது. அது பிரெஞ்சு வழியாக ஆங்கிலத்துக்கு வந்தபோது படைவீரனுக்கு ஒரு நாளைக்கு இவ்வளவு ரொட்டி, இவ்வளவு இறைச்சி என்று அளந்து கொடுக்கும் பங்குக்குப் பெயரானது. பள்ளிக்கூடத்தில் கணக்கில் படித்த ரேஷியோவும் இதே சொல்தான். அப்புறம் போர்க்காலங்களில் படைவீரனுக்கு மட்டும் இருந்த அளவு ஊர்சனத்துக்கும் வந்தது, சொல்லும் கூடவே வந்தது.

இந்தப் பொருளுக்குத் தமிழில் சொல் இல்லையா என்றால், அருமையான சொல் ஒன்று இருக்கிறது, அதை நாம் தினமும் பேசிக்கொண்டும் இருக்கிறோம்: படி. படி என்பது அளக்கும் பாத்திரம், அந்தப் பாத்திரத்தின் அளவு, அந்த அளவில் கொடுக்கும் கூலி, அன்றாடச் செலவுக்குக் கொடுக்கும் தொகை, எல்லாமும். அரசு ஊழியர் வாங்கும் அகவிலைப்படி, பயணப்படி இரண்டிலும் இருப்பது இந்தப் படிதான். "படியளக்குற சாமி" என்று பாட்டிமார் சொல்வதும் இதுதான். திருவீழிமிழலையில் பஞ்சம் வந்தபோது அப்பருக்கும் சம்பந்தருக்கும் அடியார்களுக்குச் சோறூட்ட நாள்தோறும் ஒரு காசு கோயிலில் கிடைத்தது என்று ஒரு கதை உண்டு, அந்தக் காசுக்குப் பெயர் படிக்காசு. பஞ்ச காலம், நாள் கணக்கு, அளந்து கொடுப்பது, ரேஷன் என்ற சொல்லுக்குள் இருக்கும் மூன்றும் இந்த ஒரு சொல்லில் அப்படியே இருக்கின்றன. என்னைக் கேட்டால் ரேஷனுக்கு நேர்த் தமிழ் படிதான். ஆனால் மாடிப்படி, படி என்று ஏவுவது, அதன்படி இதன்படி என்று அந்தச் சொல்லுக்கு ஏற்கெனவே ஏகப்பட்ட வேலை இருப்பதால், எழுத்தில் பங்கீடு என்ற சொல் நின்றுவிட்டது. பங்கு, ஈடு இரண்டும் சேர்ந்தது. இருக்கிறதைப் பகிர்ந்து கொடுப்பது என்று பொருள். பங்கீட்டு அட்டை என்று இன்றும் எழுதுகிறவர்கள் உண்டு, தவறே இல்லை.

நம் கன்னியாகுமரி மாவட்டத்துக்கு ரேஷன் என்ற சொல் வந்த வழி கொஞ்சம் தனி. 1956 நவம்பர் 1 வரை அகஸ்தீஸ்வரம், தோவாளை, கல்குளம், விளவங்கோடு நான்கும் திருவிதாங்கூர்ப் பக்கம் இருந்த தாலுகாக்கள். நாஞ்சில் நாட்டு வயல்கள் எவ்வளவு விளைந்தாலும் திருவிதாங்கூர் முழுக்கச் சோறு போடப் போதாது, பர்மா அரிசி கப்பலில் வந்தாக வேண்டும். 1942-இல் ஜப்பான் பர்மாவைப் பிடித்ததும் அந்த அரிசி நின்றது. அளந்து கொடுக்காமல் வேறு வழியில்லை என்ற நிலைமை அப்போது வந்தது. மரச்சீனிக் கிழங்குதான் பல வீடுகளில் வயிற்றை நிறைத்தது. எங்கள் பக்கம் வயசாளிகள் "ரேசன் அரிசி" என்று சொல்லும்போது அந்தச் சொல்லில் பசியின் ஞாபகம் இருக்கும், அதனால் அந்தச் சொல்லை அந்நியச் சொல் என்று ஒரேயடியாகத் தள்ள எனக்கு மனசு வருவதில்லை.

சரி, கார்டுக்கு வருவோம். இது கிரேக்கத்தில் கார்த்தேஸ், பாப்பிரஸ் புல்லில் செய்த தாள். அங்கிருந்து லத்தீன், பிரெஞ்சு, ஆங்கிலம் என்று வந்து கார்டு ஆனது. இதே கிரேக்கச் சொல் அரபி வழியாக இன்னொரு பாதையில் போய் போர்ச்சுகீசியத்தில் கர்த்தாஸ் என்றானது. பதினாறாம் நூற்றாண்டில் இந்தியப் பெருங்கடலில் போகும் கப்பல்கள் போர்ச்சுகீசியரிடம் ஓர் அனுமதிச் சீட்டு வாங்கி வைத்திருக்க வேண்டும், இல்லாவிட்டால் கப்பலையே பிடித்துக்கொள்வார்கள். அந்தச் சீட்டின் பெயர் கர்த்தாஸ். அதுதான் தமிழில் கடுதாசி ஆனது, மலையாளத்தில் கடலாஸ் ஆனது என்று சொல்லாராய்ச்சி செய்தவர்கள் சொல்கிறார்கள். ஆக, கார்டும் கடுதாசியும் ஒரே வயிற்றுப் பிள்ளைகள். அனுமதிச் சீட்டைக் கையில் வைத்திருந்தால்தான் மதிப்பு என்ற நிலைமை நம் கடற்கரைக்குப் புதிதல்ல.

அட்டை என்பது தடித்த தாள், புத்தகத்தின் மேல் உறை. தெலுங்கிலும் அட்ட என்றால் இதுதான். பேச்சிப்பாறைப் பக்கம் மழைக்காலத்தில் ரப்பர் தோட்டத்தில் காலில் ஏறி இரத்தம் குடிக்குமே, அந்த அட்டை வேறு சொல், எழுத்தில் மட்டும் ஒன்று. இப்போது கையில் இருப்பது தாளே இல்லை, ஏடிஎம் கார்டு மாதிரி பிளாஸ்டிக். 2017 ஏப்ரலிலிருந்து தமிழ்நாட்டில் பழைய புத்தகம் போன்ற அட்டை போய் இதுதான் புழங்குகிறது. மின்னணு குடும்ப அட்டை என்று அரசு எழுதுகிறது, ஊரில் ஸ்மார்ட் கார்டு. நல்ல தமிழ்ப் பெயர் இருக்கும்போது அதையே சொல்லலாம் என்பது என் விருப்பம்.

இப்போது முக்கியமான சொல்: குடும்பம். இதை வடசொல் என்பாரும் உண்டு, குடி என்ற திராவிட வேரிலிருந்து வடக்கே போனது என்பாரும் உண்டு. எப்படி இருந்தாலும் தமிழில் இது பழையது. திருக்குறளில் 1029-ஆம் குறளில் "குடும்பத்தை" என்று அப்படியே வருகிறது. அதைவிட எனக்குப் பிடித்தது உத்திரமேரூர்க் கல்வெட்டு. பராந்தக சோழன் காலத்தில், கி.பி. 920-ஐ ஒட்டி, அந்த ஊரை முப்பது குடும்புகளாகப் பிரித்துக் குடவோலை எடுத்திருக்கிறார்கள். குடும்பு என்றால் இன்றைய வார்டு மாதிரி. அந்த ஓலையில் பெயர் எழுதப்பட வேண்டுமானால் வரி கட்டும் நிலம் கால் வேலிக்கு மேல் இருக்க வேண்டும், சொந்த மனையில் வீடு கட்டியிருக்க வேண்டும், வயது 35-க்குக் கீழும் 70-க்கு மேலும் கூடாது என்று தகுதி வரிசையாக இருக்கிறது. எந்த இடத்தில் இருக்கிறாய், உன் வீடு எது, உனக்குத் தகுதி என்ன என்று கேட்பது ஆயிரம் வருஷத்துக்கு முன்னாலேயே இருந்திருக்கிறது.

குடும்ப அட்டையில் குடும்பம் என்றால் என்ன என்பதில்தான் அம்மையின் கேள்விக்குப் பதில் இருக்கிறது. இரத்த உறவு மட்டும் போதாது. ஒரே வீட்டில் தங்கி ஒரே அடுப்பில் சமைத்துச் சாப்பிடுகிறவர்கள் ஒரு குடும்பம். தனியாக வசித்துத் தனியாகச் சமைத்தால் தனி அட்டை கேட்கலாம். அண்ணனும் தம்பியும் ஒரே காம்பவுண்டுக்குள் இருந்தாலும் அடுப்பு இரண்டென்றால் அட்டை இரண்டாகலாம். சமையல் கேஸ் இணைப்பின் விவரத்தை விண்ணப்பத்தில் கேட்பதும், ஆள் வந்து வீட்டைப் பார்த்துவிட்டுப் போவதும் இதையெல்லாம் சரிபார்க்கத்தான். அம்மையிடம் இதைச் சொன்னேன். "அப்போ அடுப்புக்குத்தான் கார்டு" என்றாள். நான் இவ்வளவு நீட்டி எழுதியதை அவள் மூன்று சொல்லில் சொல்லிவிட்டாள்.

மற்றதெல்லாம் இந்த ஒரு விளக்கத்திலிருந்தே வருகிறது. தமிழ்நாட்டில் வசிக்க வேண்டும். வேறு எங்கும் எந்த அட்டையிலும் பெயர் இருக்கக்கூடாது, ஏனென்றால் ஒருவர் இரண்டு அடுப்பில் சாப்பிடுகிறதாகக் கணக்கு வரக்கூடாது. எல்லாருடைய ஆதார், குடும்பத் தலைவர் படம், வீட்டுவரி ரசீதோ மின்கட்டண ரசீதோ வாடகை ஒப்பந்தமோ இருப்பிடத்தைக் காட்ட ஒன்று. பொது விநியோகத் திட்ட இணையதளத்தில் நாமே பதியலாம், இ-சேவை மையத்திலும் செய்யலாம். பதிந்ததும் ஒரு குறிப்பு எண் வரும், அதைப் பத்திரமாக எழுதி வையுங்கள். முடிவு செய்கிறவர் வட்ட வழங்கல் அலுவலர். வட்டம் என்பது தாலுகாவுக்கு நல்ல தமிழ், முன்பு நான்காக இருந்தவை கிள்ளியூரும் திருவட்டாரும் சேர்ந்து இப்போது ஆறு.

இன்னொரு சொல், குடும்பத் தலைவர். 2013-இன் தேசிய உணவுப் பாதுகாப்புச் சட்டம், 18 வயது நிறைந்த பெண்களில் மூத்தவரைத்தான் ரேஷன் அட்டைக்குக் குடும்பத் தலைவராகக் கொள்ள வேண்டும் என்கிறது. நம் வீடுகளில் அப்பா பெயர்தான் முதலில் போகும். 2023 செப்டம்பரில் மகளிர் உரிமைத் தொகை வந்தபோது அட்டையில் ஆண் தலைவராக இருந்தால் அவர் மனைவியைக் குடும்பத் தலைவியாக எடுத்துக்கொள்வோம் என்று அரசு சொன்னது, அப்போதுதான் எத்தனையோ வீடுகளில் அட்டையை எடுத்து யார் பெயர் எங்கே இருக்கிறது என்று முதல்முறையாகப் பார்த்தார்கள். உறவுமுறைக் கட்டத்தில் தப்பு இருந்தால் அங்கே வந்து இடிக்கும். எங்கள் அட்டையிலேயே, முன்பு ஒரு இடத்தில் பதிந்து கொடுத்தவர் தங்கையை மருமகள் என்று போட்டிருந்தார், அதைத் திருத்த இரண்டு மாசம் அலைந்தோம். அதனால் அனுப்பும் பொத்தானை அழுத்துவதற்கு முன் திரையை நம் பக்கம் திருப்பச் சொல்லி ஒவ்வொரு வரியையும் படியுங்கள், வெட்கப்படாதீர்கள்.

அட்டையில் பிஎச்எச், என்பிஎச்எச் என்று எழுத்துகள் இருக்கும். முதலாவது முன்னுரிமைக் குடும்பம், இரண்டாவது முன்னுரிமை அல்லாதது. இரண்டாவது என்றால் அரிசி கிடையாது என்று பயப்படுகிறவர்களைப் பார்த்திருக்கிறேன். அப்படி இல்லை, தமிழ்நாட்டில் இரண்டுக்கும் அரிசி உண்டு. என்பிஎச்எச்-க்குப் பின்னால் எஸ் என்று சேர்ந்திருந்தால்தான் அரிசிக்குப் பதில் சர்க்கரை. என்சி என்றால் எந்தப் பொருளும் இல்லை, அட்டை மட்டும். ஏஏஒய் என்பது அந்தியோதயா, அந்தத்திலிருப்பவருக்கும் உதயம் என்று பிரிக்கலாம், அதற்கு மாசம் 35 கிலோ.

பொருளே வாங்காத அட்டையை எதற்கு வாங்குகிறார்கள்? அடையாளத்துக்கு. இங்கேதான் சொல்லைக் கவனிக்க வேண்டும். வாக்காளர் அட்டையில் அடையாள அட்டை என்று எழுதியிருக்கிறது, குடும்ப அட்டையில் அந்தச் சொல் இல்லை. 2015-இல் மத்திய அரசு வெளியிட்ட பொது விநியோகக் கட்டுப்பாட்டு ஆணை, ரேஷன் அட்டையை அடையாளத்துக்கோ இருப்பிடத்துக்கோ சான்றாகக் கொள்ளக்கூடாது என்றே சொல்கிறது. ஆனால் நம் ஊரில் வருமானச் சான்று, சாதிச் சான்று, இருப்பிடச் சான்று எதற்குப் போனாலும் இந்த அட்டையின் நகலைக் கேட்கிறார்கள். ஆதார் ஒரு ஆளைச் சொல்கிறது, இது மட்டும்தான் யாரோடு வாழ்கிறோம் என்று சொல்கிறது, அதனால் கேட்காமலும் இருக்க முடிவதில்லை. நான் சொல்வது, இதை மட்டும் நம்பி எங்கும் போகாதீர்கள், கூட இன்னொரு சான்றையும் எடுத்துக்கொள்ளுங்கள்.

தம்பி மனைவி விஷயத்துக்கு வருகிறேன். எங்கள் அட்டையில் சேர்க்க வேண்டுமானால் முதலில் அவள் அப்பா வீட்டு அட்டையில் பெயரை நீக்கி, அதற்கான சான்றை வாங்க வேண்டும். எல்லைக்கு அப்பால் இ-சேவை இல்லை, அக்ஷயா மையம். எங்கள் பக்கம் பேச்சில் இதற்குப் பேர் வெட்டுதல் என்று சொல்வார்கள். எனக்கு அந்தச் சொல் பிடிக்கவே இல்லை. பிறந்த வீட்டில் இருபத்து நாலு வருஷம் இருந்த பிள்ளையின் பெயரை வெட்டுவது என்றால் கேட்கவே கஷ்டமாக இருக்கிறது. பெயர் நீக்கல் என்பது அலுவலகச் சொல், அதுவும் வறண்டுதான் கிடக்கிறது. பெயர் மாற்றல் என்று சொல்லலாம் என்றால் பெயரையே மாற்றுகிற அர்த்தம் வந்துவிடும். பெயர் இடமாற்றம் என்று சொன்னால் என்ன? ஒரு குடும்பத்திலிருந்து இன்னொரு குடும்பத்துக்குப் பெயர் இடம் மாறுகிறது, நடப்பதும் அதுதானே. விண்ணப்பத்தில் இந்த ஒரு சொல்லை மாற்றினால் போதும், அந்தப் பக்கத்துப் பெற்றோருக்கு மனசு கொஞ்சம் ஆறும்.

சான்று வந்தது, பெயரும் ஏறியது. புது அட்டையில் அவள் பெயரில் இருந்த றகரம் ரகரமாகிவிட்டிருக்கிறது. அதைத் திருத்த வருகிற திங்கட்கிழமை போகிறோம்.