பக்கவாட்டே இல்லாத உலகம்

போன வாரம் எங்கம்மா திண்ணையில உக்காந்து மல்லி கட்டிக்கிட்டு இருந்தாங்க, நான் பக்கத்துல உக்காந்து அவங்க விரலையே பாத்துட்டு இருந்தேன். ரெண்டு பூ இந்தப் பக்கம், ரெண்டு பூ அந்தப் பக்கம் வச்சு, நாரை ஒரு சுத்து சுத்தி, விரல்ல ஒரு வளையம் எடுத்து காம்பு மேல மாட்டி இழுத்தா முடிச்சு விழுந்துடுது. அந்த நார் ஒரு இடத்துல தன் மேலயே ஏறி இறங்குது பாருங்க, அப்படி ஏறி இறங்க இடமே இல்லாத ஒரு கற்பனை உலகத்தைப் பத்திதான் ரொம்ப நாளா எழுதணும்னு இருந்தேன்.

ஒரு மீன் தொட்டி, அதோட முன் கண்ணாடியையும் பின் கண்ணாடியையும் நெருக்கி நெருக்கி நடுவுல தடிமனே இல்லாம பண்ணிட்டோம்னு வைங்க, உள்ள இருக்கிற மீனுக்கு மேல கீழ உண்டு, முன்ன பின்ன உண்டு, பக்கவாட்டு மட்டும் கிடையாது. 1884லயே எட்வின் ஆபட்னு லண்டன்ல ஒரு ஹெட்மாஸ்டர் முக்கோணமும் சதுரமும் வாழுற தட்டையான உலகத்தை வச்சு குட்டி நாவலே எழுதிட்டார், அங்க மழை வடக்குல இருந்து வரும். சரியா நூறு வருஷம் கழிச்சு 1984ல கனடாக்காரர் டியூட்னி, கம்ப்யூட்டர் சயின்ஸ் ஆளு, அதே மாதிரி ரெண்டு பரிமாண உலகத்துக்கு இயற்பியல்ல இருந்து உயிரியல் வரைக்கும் யோசிச்சு எழுதினார். பூமி அங்க உருண்டை இல்ல, வெறும் வட்டம், அதோட விளிம்புலதான் எல்லாரும் குடியிருக்கணும்.

எதிர்ல ஆள் வந்தா ஒதுங்க வழியில்ல, ஒருத்தர் படுத்துக்கணும், இன்னொருத்தர் ஏறித் தாண்டணும். ஓடுற தண்ணியில ஒரு கல்லு விழுந்தா அதுவே அணை. பலகையில ஆணி அடிச்சு அது மறுபக்கம் வந்துட்டா பலகை ரெண்டு துண்டு, அதனால பசை போட்டு ஒட்டுறதுதான் வழி. வீட்டுல முன்வாசல் பின்வாசல் ரெண்டையும் ஒரே நேரத்துல முழுசா திறந்தா கூரைக்கு நிக்க ஒண்ணுமே இருக்காது. உடம்பும் அதே கதைதான், வாயில இருந்து ஆசனவாய் வரைக்கும் ஒரே குழாயா இருந்தா உடம்பே ரெண்டா பிரிஞ்சுடும், அதனால ஜெல்லிமீன், ஹைட்ரா எல்லாம் நம்ம உலகத்துலயே பண்ற மாதிரி சாப்பிட்ட வழியாவே கழிவையும் வெளிய தள்ளணும்.

ஆனா என்னை உண்மையிலயே அசர வச்சது வானம்தான். சூரியனோட இழுப்பும் சரி வெளிச்சமும் சரி, வெளிய பரவப் பரவ நீர்த்துப் போகும், எவ்வளவு நீர்த்துப் போகும்ங்கிறது பரவ எவ்வளவு இடம் இருக்குங்கிறதைப் பொறுத்தது. நம்ம உலகத்துல கோளமா பரவுது, தூரம் ரெண்டு மடங்கானா பரப்பு நாலு மடங்கு, அதனால இழுப்பு நாலுல ஒண்ணு. அங்க பரவுறது வட்டமா, சுற்றளவு ரெண்டு மடங்குதான் ஆகும், இழுப்பும் பாதிதான் குறையும். நெப்டியூன் நம்மள விட சூரியன்ல இருந்து 30 மடங்கு தள்ளி இருக்கு, இங்க அதுக்குக் கிடைக்கிற வெளிச்சம் 900ல ஒரு பங்கு, அங்கன்னா 30ல ஒரு பங்கு கிடைச்சிருக்கும். பூமிய விட்டுத் தப்பிக்க நமக்கு நொடிக்கு 11.2 கிலோமீட்டர் வேகம் போதும், அங்க எவ்வளவு வேகமா எறிஞ்சாலும் ஒரு நாள் திரும்பி வந்துடும். இங்க புதன் நொடிக்கு 47 கிலோமீட்டர்ல பறக்குது, நெப்டியூன் 5.4ல நகருது, ஆனா அங்க வட்டப்பாதையில சுத்துற எல்லா கிரகத்துக்கும் ஒரே வேகம்தான், கிட்ட இருந்தாலும் எட்ட இருந்தாலும். பாதை கொஞ்சம் நீளமாச்சுன்னா அது நீள்வட்டமா மூடாது, பூ இதழ் மாதிரி நகர்ந்து நகர்ந்து வரும்.

இது நியூட்டன் முறையில போட்ட கணக்கு. ஐன்ஸ்டீனோட ஈர்ப்புக் கொள்கைய அப்படியே அங்க கொண்டு போனா, சும்மா நிக்கிற ரெண்டு பொருள் ஒண்ணையொண்ணு இழுக்கவே செய்யாது. 2019ல ஜேம்ஸ் ஸ்கார்கில்ங்கிற இயற்பியலாளர் வேற மாதிரி ஒரு ஈர்ப்பை வச்சு அங்கயும் கிரகங்கள் சுத்த முடியும்னு காட்டினார்.

சத்தம் இன்னும் விசித்திரம். இங்க கை தட்டினா, எதிரொலிக்கிற சுவர் இல்லைன்னா டப்புன்னு வந்து டப்புன்னு முடிஞ்சுடும். அங்க முடியாது, ஆரம்பம் மட்டும் கூர்மையா இருக்கும், அப்புறம் வால் மாதிரி இழுத்துக்கிட்டே மங்கும். ஏன்னா அங்க ஒரு புள்ளியில தட்டுற கைதட்டல், கணக்குப்படி இங்க முடிவே இல்லாத ஒரு கோடு முழுக்க ஒரே நொடியில தட்டுனதுக்கு சமம், கிட்ட இருக்கிற பகுதியோட சத்தம் முதல்ல வரும், தள்ளி இருக்கிறது பின்னால வந்துக்கிட்டே இருக்கும். இடி கடகடன்னு உருண்டு வர்றதுக்கும் முக்கியமான காரணம் இதுதான், மின்னல் கிலோமீட்டர் கணக்குல நீளமானது, சத்தம் நொடிக்கு ஏறக்குறைய 340 மீட்டர்தான் போகும். அந்த உலகத்துல பேச்சே இடி மாதிரி ஒண்ணு மேல ஒண்ணு குழம்பும்.

இப்ப மூளை. நரம்பு ஒண்ணை ஒண்ணு தாண்டாம எப்படி இணைக்கிறது? மூணு வீட்டுக்கும் தண்ணி, கேஸ், கரண்ட் மூணு லைனும் வெட்டிக்காம பேப்பர்ல போட முடியாதுன்னு ஸ்கூல்ல புதிர் போட்டிருப்போம், அதே சிக்கல்தான் இங்கயும். ஆனா நார் தாண்ட முடியாத இடத்துல தகவல் தாண்ட முடியும், கம்ப்யூட்டர் சர்க்யூட்ல வர்ற எக்ஸ்-ஆர் கேட்ங்கிற குட்டி பாகம் மூணு போதும். ரெண்டு உள்ளீடும் ஒண்ணா இருந்தா 0, வேற வேறயா இருந்தா 1 குடுக்கிற கேட் அது. மேல் கம்பியில 1, கீழ் கம்பியில 0 வருதுன்னு வைங்க, நடுவுல இருக்கிற கேட் ரெண்டையும் வாங்கி 1 குடுக்குது, அந்த 1 மேலயும் கீழயும் பிரிஞ்சு போகுது. மேல் கேட்டுக்கு 1ம் 1ம் வருது, 0 வெளிய வருது. கீழ் கேட்டுக்கு 0வும் 1ம் வருது, 1 வெளிய வருது. மேல இருந்தது கீழ போயிடுச்சு, கீழ இருந்தது மேல வந்துடுச்சு, கம்பி மட்டும் எங்கயும் ஒண்ணு மேல ஒண்ணு ஏறவே இல்ல. பேப்பர்ல போட்டுப் பாருங்க, நாலு விதமா குடுத்தாலும் சரியா வரும்.